கேம் எஞ்சின் திறக்கவில்லையா? கொங்குப் பக்கத்துப் பிள்ளைகள் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

கோவை, ஈரோடு, திருப்பூர், நாமக்கல் பக்கம் கேம் செய்யக் கற்றுக்கொள்ளும் மாணவர்கள் இப்போது நிறையப் பேர். கேம் உருவாக்கும் மென்பொருளான எஞ்சினில் அன்ரியல், யூனிட்டி, கோடோ என்று ஆளுக்கு ஒன்றைப் பிடித்துக்கொள்கிறார்கள். அவர்களில் பலர் முதல் வாரத்திலேயே விட்டுவிடுவதற்குக் காரணம் கோடிங் கஷ்டமாக இருப்பது அல்ல. எஞ்சின் திறக்கவே இல்லை, ஏதோ ஒரு கோப்பு இல்லை என்று பெட்டி வருகிறது, அதோடு மனசு விட்டுப்போகிறது. அந்தப் பெட்டிகளைப் பற்றி என்னிடம் வரும் கேள்விகளுக்கான பதில்கள் இவை. எல்லாம் விண்டோஸ் 10, 11-ஐ மனதில் வைத்து எழுதியவை.

அன்ரியலில் செய்த கேமை நண்பன் பென்டிரைவில் கொடுத்தானுங்க. திறந்தால் "இந்த புரோகிராம் ஓட டைரக்ட்எக்ஸ் ரன்டைம் தேவை" என்று ஒரு சின்னப் பெட்டி வருது. என் லேப்டாப்பில் டைரக்ட்எக்ஸ் 12 இருக்குதே?

இருக்கிறது, அதில் சந்தேகமில்லை. விண்டோஸ் 10 வந்த 2015-லிருந்தே டைரக்ட்எக்ஸ் 12 விண்டோஸுக்குள்ளேயே வருகிறது. அந்தப் பெட்டி கேட்பது அதை அல்ல.

டைரக்ட்எக்ஸ் என்பது கேம்கள் படமும் ஒலியும் தர உதவும் மைக்ரோசாஃப்ட் தொகுப்பு. அதில் இரண்டு பங்கு உண்டு. ஒன்று, கிராபிக்ஸ் கார்டோடு பேசும் மூலப் பகுதி. அது விண்டோஸோடு வரும், விண்டோஸ் அப்டேட்டில் புதுப்பிக்கப்படும். இன்னொன்று, டைரக்ட்எக்ஸ் 9, 10, 11 காலத்தில் கேம் எழுதுபவர்களுக்காக மைக்ரோசாஃப்ட் தனியாகக் கொடுத்த துணைக் கோப்புகள்: டி3டிஎக்ஸ்9, எக்ஸ்ஆடியோ 2.7, எக்ஸ்இன்புட் 1.3 மாதிரி. இந்த இரண்டாவது பங்கு விண்டோஸ் 10-லும் கிடையாது, 11-லும் கிடையாது. உங்கள் லேப்டாப்பில் எக்ஸ்இன்புட் 1.4 இருக்கும்; பழைய 1.3-ஐத் தேடும் புரோகிராமுக்கு 1.4 உதவாது.

முதலில் நண்பன் கொடுத்த ஃபோல்டருக்குள்ளேயே பாருங்கள். எஞ்சின், அதற்குள் எக்ஸ்ட்ராஸ், அதற்குள் ரீடிஸ்ட், அதற்குள் என்-யூஎஸ். அங்கே பெயரில் "ப்ரீரெக் செட்அப்" என்று வரும் ஒரு கோப்பு இருந்தால் அதை இரட்டை கிளிக் செய்தாலே போதும், வேண்டியதெல்லாம் ஏறிவிடும். அந்தக் கோப்பு இல்லையென்றால் மைக்ரோசாஃப்ட் தளத்திலிருந்து "டைரக்ட்எக்ஸ் எண்ட்-யூசர் ரன்டைம்ஸ், ஜூன் 2010" என்ற தொகுப்பை இறக்குங்கள். சுமார் 96 எம்பி. 2010 என்ற ஆண்டைப் பார்த்துத் தயங்க வேண்டாம். அந்தத் துணைக் கோப்புகளின் கடைசித் தொகுப்பே அதுதான். அதைப் போட்டால் உங்கள் டைரக்ட்எக்ஸ் 12 பின்னால் போய்விடாது. இல்லாதவற்றை மட்டும் சேர்க்கும்.

இணையம் வழியாகப் போடும் சின்ன இன்ஸ்டாலரும் ஒன்று உண்டு. அதில் நடுவே பிங் பார் போடட்டுமா என்று கேட்டால் டிக்கை எடுத்துவிட்டு மேலே போங்கள்.

அந்த ஜூன் 2010 கோப்பை ஓட்டிட்டேனுங்கண்ணா. டெஸ்க்டாப் பூரா ஏதேதோ கோப்பாக் கொட்டிடுச்சு. பழைய பெட்டி மறுபடியும் வருது.

இந்தக் கேள்வி வராத வாரமே இல்லை. நீங்கள் ஓட்டியது இன்ஸ்டாலர் அல்ல, மூட்டையைப் பிரிக்கும் கோப்பு. அது ஓடும்போது "எங்கே பிரிக்கட்டும்?" என்று ஒரு ஃபோல்டர் கேட்கும். டெஸ்க்டாப்பைக் காட்டினால் நூற்றுக்கும் மேற்பட்ட கேப் (சுருக்கிக் கட்டிய) கோப்புகளை அப்படியே டெஸ்க்டாப்பில் இறக்கிவிட்டு, ஒரு வார்த்தை சொல்லாமல் மூடிக்கொள்ளும். முடிந்தது என்ற செய்தி வராது, அடுத்து என்ன என்றும் சொல்லாது. அதனால்தான் எல்லோரும் இன்ஸ்டால் ஆகிவிட்டது என்று நினைத்துக்கொள்கிறார்கள்.

சி டிரைவில் வெறும் ஃபோல்டர் ஒன்றை உருவாக்கி அதைக் காட்டிப் பிரியுங்கள். பிறகு அந்த ஃபோல்டருக்குள் போய், கேப் கோப்புகளுக்கு நடுவே "டிஎக்ஸ்செட்அப்" என்ற பெயரில் இருப்பதைத் தேடி இரட்டை கிளிக் செய்யுங்கள். இதுதான் உண்மையான இன்ஸ்டாலர். ஒப்பந்தத்துக்குச் சம்மதம் கொடுத்தால் ஒன்றிரண்டு நிமிடத்தில் முடியும். அப்புறம் அந்த ஃபோல்டரை அழித்துவிடலாம்.

"எம்எஸ்விசிபி140.டிஎல்எல் காணவில்லை" என்று வருகிறது. இது எதற்குச் சேர்ந்தது?

விசுவல் சி++ ரீடிஸ்ட்ரிபியூட்டபிள். மைக்ரோசாஃப்டின் சி++ கம்பைலரில் (எழுதிய கோடைப் புரோகிராமாக மாற்றும் கருவி) உருவான புரோகிராம்கள் ஓடுவதற்குத் தேவையான தொகுப்பு இது. டிஎல்எல் என்பது பல புரோகிராம்கள் பகிர்ந்து பயன்படுத்தும் துணைக் கோப்பு. கோப்பின் பெயரில் வரும் எண்ணைப் பார்த்தாலே எந்த ஆண்டுத் தொகுப்பு என்று தெரிந்துவிடும். 90 என்றால் 2008, 100 என்றால் 2010, 110 என்றால் 2012, 120 என்றால் 2013. 140 என்றால் 2015-லிருந்து வந்தவை. 2015, 2017, 2019, 2022 எல்லாவற்றுக்கும் சேர்த்து ஒரே தொகுப்புதான். புதியதைப் போட்டால் 2015-ல் செய்த புரோகிராமும் ஓடும். ஆனால் 2013-க்கும் அதற்கு முந்தையவற்றுக்கும் அந்தந்த ஆண்டுத் தொகுப்பேதான் வேண்டும். 2022-ஐப் போட்டுவிட்டு 2010-க்கும் அதுவே போதும் என்று இருக்க முடியாது.

"விசிரன்டைம்140_1" காணவில்லை என்று வந்தால், தொகுப்பு இருக்கிறது, ஆனால் பழையது என்று அர்த்தம். அந்தக் கோப்பு 2019 காலத்தில்தான் சேர்ந்தது. புதிய பதிப்பை மேலேயே போடுங்கள்.

ஒவ்வொரு தொகுப்பிலும் எக்ஸ்86, எக்ஸ்64 என்று இரண்டு உண்டு. "என் விண்டோஸ் 64 பிட், அதனால் எக்ஸ்64 மட்டும் போதும்" என்று நினைப்பது தவறு. 64 பிட் விண்டோஸில் 32 பிட் புரோகிராம்களும் ஓடுகின்றன. அவற்றுக்கு எக்ஸ்86 தான் வேண்டும். கண்ணை மூடிக்கொண்டு இரண்டையும் போடுங்கள்.

எதுக்குங்க இவ்வளவு பாடு? அந்த ஒரு டிஎல்எல் கோப்பை மட்டும் கூகிளில் தேடி இறக்கி, சிஸ்டம்32-ல போட்டா ஆகாதா? யூடியூபில் அப்படித்தான் காட்டறாங்க.

வேண்டாம். நான் இவ்வளவு நீளமாக எழுதுவதே முக்கியமாக இந்தக் கேள்விக்காகத்தான்.

"இந்தக் கோப்பு இல்லை" என்று விண்டோஸ் சொன்னால், அந்தக் கோப்பைத் தேடிப் போகக் கூடாது. அந்தக் கோப்பு எந்தத் தொகுப்பைச் சேர்ந்தது என்று தெரிந்துகொண்டு, அந்தத் தொகுப்பை அதைச் செய்தவரிடமிருந்தே வாங்கிப் போட வேண்டும். காரணம் சொல்கிறேன்.

ஒரு தொகுப்பில் பல டிஎல்எல்கள் உண்டு, அவை ஒன்றையொன்று கூப்பிட்டுக்கொள்ளும். ஒன்றை மட்டும் கொண்டுவந்து வைத்தால் அடுத்து இன்னொன்று இல்லை என்று வரும், அதையும் வைத்தால் மூன்றாவது. கடைசியில் எல்லாம் சேர்ந்தாலும் ஒவ்வொன்றும் ஒவ்வொரு பதிப்பாக இருக்கும். 3 எச்பி பம்புக்குள் 5 எச்பி மோட்டாரின் இம்பெல்லரை வைத்துப் பூட்டிவிட்டு, தண்ணீர் ஏன் ஏறவில்லை என்று பார்த்த மாதிரிதான் அது.

இரண்டாவது, டிஎல்எல் கொடுக்கும் தளங்களில் அந்தக் கோப்பை யார் ஏற்றினார்கள், உள்ளே என்ன சேர்த்தார்கள் என்று உங்களால் சொல்ல முடியாது. அட்மின் அனுமதி கொடுத்து சிஸ்டம் ஃபோல்டருக்குள் வைக்கிற கோப்பு அது. வீட்டுக் கணினியில் அப்பாவின் ஜிஎஸ்டி கணக்கும் பேங்க் பாஸ்வேர்டும் இருக்கும். ஒரு கேமுக்காக அதைப் பணயம் வைக்காதீர்கள்.

மூன்றாவது, அந்த வீடியோக்களிலேயே ஒரு பிழை தொடர்ந்து வருகிறது. 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32 ஃபோல்டரில் இருப்பவை 64 பிட் கோப்புகள். 32 பிட் கோப்புகள் இருப்பது சிஸ்வாவ்64 என்ற ஃபோல்டரில். பெயர் தலைகீழாக இருக்கிறது, ஆனால் நிஜம் அதுதான். இது தெரியாமல் 32 பிட் டிஎல்எல்லைச் சிஸ்டம்32-ல் வைத்தால், அதுவரை ஒழுங்காக ஓடிய மற்ற புரோகிராம்களும் நின்றுபோகும்.

0 எக்ஸ் சி000007பி என்ற எண் வருகிறது. இது என்ன?

பெரும்பாலும் மேலே சொன்ன வேலையின் பலன். 64 பிட் புரோகிராம் ஒன்று 32 பிட் டிஎல்எல்லை எடுக்கப் பார்க்கிறது, அல்லது மறுதலையாக. நீங்களோ வேறு யாரோ கையால் போட்ட டிஎல்எல் எது என்று நினைவிருந்தால் அதை எடுத்துவிடுங்கள். கேம் ஃபோல்டருக்குள்ளேயே யாராவது வைத்திருக்கிறார்களா என்றும் பாருங்கள். பிறகு விசுவல் சி++ எக்ஸ்86, எக்ஸ்64 இரண்டையும் "ரிப்பேர்" கொடுங்கள், டைரக்ட்எக்ஸ் ஜூன் 2010-ஐ மறுபடி ஓட்டுங்கள். பெரும்பாலும் இதோடு தீரும்.

செகண்ட் ஹேண்ட் லேப்டாப் ஒன்று வாங்கினேன். அன்ரியலைத் திறந்தால் "டி3டி11-க்கு ஒத்துவரும் ஜிபியு தேவை, ஃபீச்சர் லெவல் 11.0, ஷேடர் மாடல் 5.0" என்று சொல்லி மூடிக்கொள்கிறது. எந்த காம்பொனென்ட் (துணைத் தொகுப்பு) போட வேண்டும்?

இதற்கு எதைப் போட்டும் தீராமல் போகலாம், அதனால் முதலில் பார்த்துவிடுங்கள். விண்டோஸ் பொத்தானோடு ஆர் அழுத்தி, வரும் பெட்டியில் டிஎக்ஸ்டயாக் என்று ஆங்கிலத்தில் அடியுங்கள். "டிஸ்ப்ளே" தாவலுக்குப் போங்கள். அங்கே இரண்டு விஷயம் பார்க்க வேண்டும்.

ஒன்று, கிராபிக்ஸ் கார்டின் (ஜிபியு) பெயர். "மைக்ரோசாஃப்ட் பேசிக் டிஸ்ப்ளே அடாப்டர்" என்று இருந்தால் நல்ல செய்தி. கார்டுக்கு உரிய டிரைவர் போடப்படவே இல்லை. விண்டோஸ் தன் பொது டிரைவரில் ஒப்பேற்றிக்கொண்டிருக்கிறது. லேப்டாப் கம்பெனியின் தளத்திலோ, இன்டெல், என்விடியா, ஏஎம்டி தளத்திலோ உங்கள் மாடலுக்கான டிரைவரை எடுத்துப் போட்டால் பெரும்பாலும் பிழை போய்விடும்.

இரண்டு, "ஃபீச்சர் லெவல்ஸ்" என்ற வரி. அதில் 11_0 அல்லது அதற்கு மேல் இருக்க வேண்டும். "சிஸ்டம்" தாவலில் "டைரக்ட்எக்ஸ் பதிப்பு 12" என்று இருப்பதைப் பார்த்து ஏமாறாதீர்கள். அது விண்டோஸின் கணக்கு. கார்டால் எவ்வளவு முடியும் என்பதை இந்த ஃபீச்சர் லெவல் வரிதான் சொல்லும்.

கோவையில் ஆபீஸ்களில் ஓடிக் கழிந்த லேப்டாப்கள் நிறைய விற்பனைக்கு வருகின்றன, மாணவர்கள் பலர் அதைத்தான் வாங்குகிறார்கள். வாங்கும் முன்பே பிராசசர் எண்ணைப் பாருங்கள். ஐ5-2520எம் என்றால் ஹைஃபனுக்குப் பிறகு வரும் 2 தான் தலைமுறை. இரண்டாம் தலைமுறையில் இருக்கும் எச்டி 3000 கிராபிக்ஸ் டைரக்ட்எக்ஸ் 10.1 வரைதான் போகும். அன்ரியல் திறக்காது, எந்த டிரைவரும் அதை மாற்றாது. ஐ5-3320எம் மாதிரி மூன்றாம் தலைமுறையில் எச்டி 4000. ஃபீச்சர் லெவல் 11_0 உண்டு, ஆனால் அதில் அன்ரியல் 5-ஐ வைத்து வேலை செய்ய முடியாது. ஐ5-6200யூ மாதிரி ஆறாம் தலைமுறையிலிருந்து விண்டோஸில் வல்கனும் (டைரக்ட்எக்ஸ் மாதிரி கிராபிக்ஸ் கார்டோடு பேசும் இன்னொரு முறை) கிடைக்கிறது. கோடோவில் வேலை செய்ய நினைப்பவருக்கு அது நல்ல தொடக்கம். கடைக்காரர் "ஐ5-ங்க, எல்லாம் ஓடும்" என்று சொன்னாலும், பணம் கொடுப்பதற்கு முன் அங்கேயே டிஎக்ஸ்டயாக்கைத் திறந்து பாருங்கள். யாரும் தப்பாக எடுத்துக்கொள்ள மாட்டார்கள்.

அன்ரியல் 5-க்கு அதைச் செய்யும் எபிக் நிறுவனம் சொல்லும் பரிந்துரை 32 ஜிபி ரேம், 8 ஜிபி கிராபிக்ஸ் நினைவகம். கற்றுக்கொள்ள அதற்குக் குறைவாகவும் சமாளிக்கலாம். ஆனால் 8 ஜிபி ரேமில் ஷேடர் (ஒளி, நிறம் கணக்கிடும் சிறு நிரல்) கம்பைல் ஆகும்போது கணினி உறைந்து நிற்பதைக் காம்பொனென்ட் பிரச்சினை என்று நினைத்து அலைய வேண்டாம்.

2011-லிருந்து அரசு கொடுத்துவந்த விலையில்லா மடிக்கணினியில் ஓடுமா என்றும் கேட்கிறார்கள். வெவ்வேறு மாடல்கள் வந்ததால் பொதுவாகச் சொல்ல முடியாது. இதே டிஎக்ஸ்டயாக் சோதனைதான்.

எனக்கு என்விடியா கார்டு இருக்குதுங்க. இருந்தும் அதே பிழை.

லேப்டாப்பில் இரண்டு கார்டுகள் இருக்கும்: பிராசசரோடு வரும் இன்டெல், தனியாக என்விடியா. விண்டோஸ் மின்சாரம் மிச்சம் பிடிக்க இன்டெலைக் கொடுத்திருக்கும். செட்டிங்ஸ், சிஸ்டம், டிஸ்ப்ளே, கிராபிக்ஸ் என்று போய், எஞ்சினின் எக்ஸ்இ கோப்பைச் சேர்த்து, "ஹை பெர்ஃபார்மன்ஸ்" தேர்ந்தெடுங்கள். ரிமோட் டெஸ்க்டாப் வழியாக வேறு கணினியில் திறந்தாலும் இந்தப் பிழை வருவதுண்டு.

கோடோவைத் திறந்தால் வல்கன் இல்லை என்கிறது. வல்கனை எங்கே இறக்குவது?

தனியாக இறக்க வேண்டியதில்லை. வல்கன் கிராபிக்ஸ் டிரைவரோடு சேர்ந்தே வரும். டிரைவரைப் புதுப்பியுங்கள். வல்கன் எஸ்டிகே (மென்பொருள் எழுதுவதற்கான கருவித் தொகுப்பு) என்று தனியாகக் கிடைப்பது எஞ்சினையே எழுதுபவர்களுக்கு; உங்களுக்குத் தேவையில்லை.

டிரைவர் புதுப்பித்தும் வரவில்லை, கார்டு பழையது என்றால் கோடோவில் "கம்பாட்டிபிலிட்டி" என்ற ரெண்டரர் (படத்தைத் திரையில் வரையும் பகுதி) இருக்கிறது. கோடோ 4-ல் ஃபார்வர்டு பிளஸ், மொபைல், கம்பாட்டிபிலிட்டி என்று மூன்று உண்டு. மூன்றாவது, வல்கனுக்கு முந்தைய முறையான ஓபன்ஜிஎல் 3.3-ல் ஓடும். புது ப்ராஜெக்ட் உருவாக்கும் பெட்டியிலேயே தேர்ந்தெடுக்கலாம். ஆடு புலி ஆட்டத்தை கேமாகச் செய்ய வேண்டும் என்று பொள்ளாச்சிப் பக்கத்துத் தம்பி ஒருவர் கேட்டிருந்தார். 3 புலி, 15 ஆடு, 23 புள்ளி. இதற்கு வல்கனும் வேண்டாம், அன்ரியலும் வேண்டாம். கம்பாட்டிபிலிட்டியே தாராளம். பழைய லேப்டாப் வைத்திருப்பவர்களுக்கு நான் கோடோவைத்தான் சொல்வேன், தயங்காமல் சொல்வேன்.

சி ஷார்ப்பில் எழுத ஆசைப்பட்டால் மட்டும் கோடோவின் டாட்நெட் பதிப்பும் மைக்ரோசாஃப்டின் டாட்நெட் எஸ்டிகேயும் வேண்டும். வெறும் "ரன்டைம்" போட்டால் பத்தாது. எஸ்டிகே என்று எழுதியிருப்பதைப் பார்த்து எடுங்கள்.

அந்தியூர் பக்கம் மலையடிவாரங்க எங்க ஊரு. செல்போன் ஹாட்ஸ்பாட் தான். ஒரு நாளைக்கு ரெண்டு ஜிபி. எப்படி எஞ்சினை இறக்குவது?

அன்ரியலுக்குப் பத்து இருபது ஜிபிக்கு மேல் போகும். அந்தக் கணக்கில் நீங்கள் போராட வேண்டாம். நகரத்தில் படிக்கும் நண்பனின் கணினியில் ஏற்கெனவே இன்ஸ்டால் ஆகியிருக்கும் எஞ்சின் ஃபோல்டரை அப்படியே வெளி ஹார்ட்டிஸ்க்கில் நகலெடுத்து வரலாம். இரண்டு பேருமே எபிக் கணக்கு வைத்து அவர்களின் ஒப்பந்தத்தை ஏற்றிருக்க வேண்டும், அது முக்கியம். ஊருக்கு வந்ததும் முதல் வேலை, நான் முதல் பதிலில் சொன்ன ப்ரீரெக் செட்அப்பை உங்கள் கணினியில் ஓட்டுவது. எபிக்கின் இன்ஸ்டாலரான லாஞ்சர் வழியாகப் போட்டால் அது தானாக நடந்திருக்கும். நகலெடுத்து வந்தால் எஞ்சின் மட்டும்தான் வரும், நண்பனின் விண்டோஸில் ஏறிய காம்பொனென்ட்கள் கூடவே வராது. "அவன் கணினியில் ஓடுது, எனக்கு ஓடலை" என்பதற்குக் காரணம் அநேகமாக இதுதான்.

நகலெடுக்கும்போது பாதியில் "கோப்பு மிகப் பெரியது" என்று நின்றால், டிஸ்க்கில் இடம் இல்லாததால் அல்ல. ஃபேட்32 முறையில் ஃபார்மட் செய்த பென்டிரைவில் 4 ஜிபிக்கு மேற்பட்ட ஒற்றைக் கோப்பு ஏறாது. உள்ளே இருப்பதை வேறு இடத்தில் வைத்துவிட்டு, எக்ஸ்ஃபேட்டில் ஃபார்மட் செய்யுங்கள்.

கோடோ என்றால் இந்தத் தொல்லையே இல்லை. ஒரு நாள் டேட்டாவில் சிறு பங்கில் இறங்கிவிடும்.

எப்படியானாலும் ஒரு பென்டிரைவில் இவற்றைப் போட்டு வையுங்கள்: விசுவல் சி++ 2015-2022 தொகுப்பின் எக்ஸ்86, எக்ஸ்64, 2013, 2010 தொகுப்புகள், அவையும் இரண்டிரண்டு, டைரக்ட்எக்ஸ் ஜூன் 2010-ன் முழுத் தொகுப்பு, உங்கள் கார்டின் டிரைவர். டிரைவரைத் தவிர மற்றவை எல்லாம் சேர்ந்தாலும் அரை ஜிபி வராது. ஊரில் ஒருவர் வைத்திருந்தாலே பத்துப் பேருக்கு ஆகும்.

இன்ஸ்டால் ஓடிக்கொண்டிருக்கும்போது கரண்ட் போய்விட்டது. இப்போது விசுவல் சி++ ஏறவும் மாட்டேங்குது, நீங்கவும் மாட்டேங்குது.

பாதியில் நின்ற இன்ஸ்டாலைச் சரிசெய்யும் வழி விண்டோஸிலேயே இருக்கிறது. முதலில் ரீஸ்டார்ட் செய்யுங்கள்; ஷட்டவுன் செய்து ஆன் செய்வதைவிட ரீஸ்டார்ட் நல்லது, ஏனென்றால் வழக்கமான ஷட்டவுனில் விண்டோஸ் முழுதாக அணைவதில்லை. பிறகு கண்ட்ரோல் பேனலின் புரோகிராம் பட்டியலில் அந்தத் தொகுப்பைத் தேர்ந்து, "சேஞ்ச்" அழுத்தி, "ரிப்பேர்" கொடுங்கள். அதுவும் நின்றால், இறக்கி வைத்த அதே பதிப்பின் இன்ஸ்டாலரை மறுபடி ஓட்டுங்கள். அதிலேயே ரிப்பேர், அன்இன்ஸ்டால் என்று பொத்தான்கள் வரும்.

0 எக்ஸ் 80070666 என்ற எண் வந்தால் பயப்பட ஒன்றுமில்லை. வேறு பதிப்பு, பெரும்பாலும் இதைவிடப் புதியது, ஏற்கெனவே இருக்கிறது என்று சொல்கிறது.

அன்ரியல் பாதியில் நின்றிருந்தால் எபிக் லாஞ்சரில் அந்த எஞ்சின் பதிப்பின் பக்கத்தில் இருக்கும் அம்புக்குறியை அழுத்தி "வெரிஃபை" கொடுங்கள். கெட்டுப்போன கோப்புகளை மட்டும் மறுபடி இறக்கும்.

மின்வாரியம் மாதாந்திரப் பராமரிப்புக்காக மின்சாரம் நிறுத்தும் நாள் பேப்பரில் முன்னமே வரும். டெஸ்க்டாப்பில் வேலை செய்பவர்கள் அன்று பெரிய இன்ஸ்டால் எதையும் வைத்துக்கொள்ளாதீர்கள். லேப்டாப் என்றால் பேட்டரி பாதிக்கு மேல் இருக்கட்டும்.

காலேஜ் லேபில் அட்மின் பாஸ்வேர்டு தர மாட்டேங்கிறாங்க. எதுவும் போட முடியலை.

லேப் பொறுப்பாளரைக் குறை சொல்ல முடியாது, அறுபது கணினிக்கு அவர்தான் பதில் சொல்ல வேண்டும். விசுவல் சி++, டைரக்ட்எக்ஸ் இரண்டுக்கும் அட்மின் அனுமதி இல்லாமல் வழியில்லை. என்ன வேண்டும் என்று பட்டியல் எழுதி, மைக்ரோசாஃப்ட் தளத்திலிருந்து எடுத்த கோப்புகளோடு அவரிடம் கொடுங்கள். ரீஸ்டார்ட் செய்தால் எல்லாம் பழைய நிலைக்குத் திரும்பும்படி பல லேப்களில் வைத்திருப்பார்கள். அந்தப் பூட்டை எடுத்துவிட்டுத்தான் அவர் போட வேண்டும், இல்லாவிட்டால் அடுத்த நாள் காணாமல் போயிருக்கும்.

அதுவரை கோடோவைப் பென்டிரைவிலிருந்தே ஓட்டலாம். இன்ஸ்டாலே கிடையாது, ஒரே எக்ஸ்இ. அதன் பக்கத்தில் ஒரு வெற்றுக் கோப்பை உருவாக்கி, ஆங்கிலச் சிறிய எழுத்தில் எஸ், சி என்று எழுதி இருபுறமும் அடிக்கோடு போட்டுப் பெயர் வைத்தால், உங்கள் செட்டிங்ஸும் பென்டிரைவிலேயே தங்கும்.

விசுவல் சி++ ரீடிஸ்ட்ரிபியூட்டபிள் எல்லாம் போட்டாச்சு. ஆனாலும் அன்ரியலில் சி++ ப்ராஜெக்ட் உருவாக்கினால் கம்பைலர் இல்லை என்கிறது.

ரீடிஸ்ட்ரிபியூட்டபிள் என்பது ஓட்டுவதற்கு மட்டும். எழுதிக் கம்பைல் செய்வதற்கு விசுவல் ஸ்டுடியோ வேண்டும். 2022-ன் கம்யூனிட்டி பதிப்பு மாணவர்களுக்கு இலவசம். போடும்போது "கேம் டெவலப்மென்ட் வித் சி++" என்ற பகுதியை டிக் செய்யுங்கள், விண்டோஸ் எஸ்டிகேயும் அதற்குள் இருக்கிறதா என்று வலதுபக்கம் பாருங்கள். விசுவல் ஸ்டுடியோ கோட் என்பது வேறு. அது எடிட்டர், கம்பைலர் அதில் இல்லை. சி++ வேண்டாம், புளூபிரிண்ட் (கோடு எழுதாமல் கட்டங்களை இணைத்துச் செய்யும் முறை) போதும் என்றால் எடிட்டரில் வேலை செய்ய இவை தேவையில்லை.

யூனிட்டியில் ஆண்ட்ராய்டுக்கு பில்டு செய்ய ஜாவா தனியாகப் போட வேண்டுமா?

வேண்டாம். யூனிட்டி ஹப்பில் உங்கள் எடிட்டர் பதிப்புக்குப் பக்கத்தில் "ஆட் மாட்யூல்ஸ்" அழுத்தி, ஆண்ட்ராய்டு பில்டு சப்போர்ட்டையும் அதன் கீழ் வரும் ஓபன்ஜேடிகே, எஸ்டிகே, என்டிகே டிக்குகளையும் போடுங்கள். பதிப்புக்கு ஏற்றதை ஹப்பே எடுத்துக்கொள்ளும். கையால் வேறு ஜாவா போட்டு அதைக் காட்டினால்தான் சிக்கல் தொடங்கும்.

ப்ராஜெக்ட் ஃபோல்டருக்குத் தமிழில் பெயர் வைத்திருக்கிறீர்களா? கேமுக்குள்ளே எவ்வளவு வேண்டுமானாலும் தமிழ் இருக்கலாம், இருக்கவும் வேண்டும். ஆனால் பாதையில் ஆங்கில எழுத்து அல்லாதவை இருந்தால் விண்டோஸில் ஆண்ட்ராய்டு பில்டு கருவி அதைக் காரணமாகச் சொல்லியே நிற்கும். விண்டோஸ் யூசர் பெயரே தமிழில் இருந்தால், ப்ராஜெக்டை டி டிரைவில் ஆங்கிலப் பெயரில், இடைவெளி இல்லாமல் வையுங்கள்.

ஆர்பிஜி மேக்கர் கேம் ஒன்று ஆர்டிபி இல்லை என்கிறது.

எக்ஸ்பி, விஎக்ஸ், விஎக்ஸ் ஏஸ் மூன்றுக்கும் தனித்தனி ஆர்டிபி தொகுப்புகள் உண்டு. பொதுவான படங்களும் ஒலிகளும் அதில்தான் இருக்கின்றன. ஆர்பிஜி மேக்கரின் சொந்தத் தளத்திலேயே இலவசமாகக் கிடைக்கும். எந்தப் பதிப்பு என்று பிழைச் செய்தியிலேயே இருக்கும்.

சர்வீஸ் கடையில் காட்டினேன். "விண்டோஸ் போச்சு, ஃபார்மட் பண்ணணும்"கிறாங்க. பண்ணட்டுங்களா?

ஒரு டிஎல்எல் இல்லை என்பதற்காக ஃபார்மட் வேண்டாம். ஃபார்மட் செய்தாலும் புது விண்டோஸில் இந்தத் தொகுப்புகள் இருக்காது. மறுபடி முதலிலிருந்து போட வேண்டும். அதோடு, வேகமாக ஓடட்டும் என்று சில இடங்களில் குறைத்து வெட்டிய விண்டோஸைப் போட்டுக் கொடுக்கிறார்கள். அதில் எஞ்சின்கள் தேடும் பகுதிகள் பல நீக்கப்பட்டிருக்கும், அப்டேட்டும் வராது. அப்படிப்பட்ட கணினியில் என்ன போட்டாலும் ஒன்று போனால் ஒன்று வந்துகொண்டே இருக்கும். உங்கள் விண்டோஸே அப்படிப்பட்டது என்றால் மட்டும், மைக்ரோசாஃப்ட் தரும் முழு விண்டோஸைப் போடச் சொல்லிக் கேட்டு வாங்குங்கள்.

காலேஜ் எக்ஸ்போவுக்கு கேம் கொண்டு போறோம். வீட்டில் ஓடுது, அங்கே அவங்க கணினியில் ஓடுமான்னு பயமா இருக்குதுங்க.

நியாயமான பயம். உங்கள் கணினியில் எஞ்சின் இருக்கிறது, அதனால் எல்லா காம்பொனென்டும் இருக்கிறது. அங்கே இருக்கும் கணினியில் எதுவும் இருக்காது.

அன்ரியலில் ப்ராஜெக்ட் செட்டிங்ஸ், பேக்கேஜிங் பகுதியில் "இன்க்லூட் ப்ரீரிக்விசிட்ஸ் இன்ஸ்டாலர்" என்ற டிக் இருக்கிறதா பாருங்கள். சைஸைக் குறைக்கிறேன் என்று அதை எடுத்துவிடாதீர்கள். முதல் கேள்வியில் நண்பன் கொடுத்த கேமில் அந்த செட்அப் கோப்பு இல்லாமல் போனதற்குக் காரணமே அதுவாக இருக்கலாம். பேக்கேஜ் ஆன ஃபோல்டரை முழுதாகக் கொண்டு போங்கள். வெளியே தெரியும் எக்ஸ்இ மட்டும் போதும் என்று அதை மட்டும் நகலெடுப்பவர்கள் இருக்கிறார்கள், அது ஓடாது.

உங்கள் விண்டோஸ் ப்ரோ பதிப்பு என்றால் "விண்டோஸ் சாண்ட்பாக்ஸ்" என்ற வசதி இருக்கிறது. ஹோம் பதிப்பில் இல்லை. விண்டோஸ் ஃபீச்சர்ஸ் பட்டியலில் அதை டிக் செய்து ரீஸ்டார்ட் செய்தால், எதுவுமே போடாத புத்தம் புது விண்டோஸ் ஒன்று ஜன்னலுக்குள் திறக்கும். கேம் ஃபோல்டரைக் காப்பி செய்து, அதற்குள் பேஸ்ட் செய்து திறந்து பாருங்கள். கிராபிக்ஸ் மெதுவாக இருக்கும், அதைக் கணக்கில் எடுக்காதீர்கள். எந்தப் பெட்டி வருகிறது என்பதை மட்டும் பாருங்கள். ஹோம் பதிப்பு என்றால், கேம் பக்கமே போகாத ஒரு வீட்டுக் கணினியில், சித்தப்பாவின் கடைக் கணினியானாலும் சரி, ஒருமுறை ஓட்டிவிட்டுப் போங்கள்.

புரோகிராம் பட்டியலில் விசுவல் சி++ வரிசையாகப் பத்துப் பன்னிரண்டு நிற்குது. பழசையெல்லாம் எடுத்திடலாமா?

எடுக்காதீர்கள். 2008, 2010, 2012, 2013 ஒவ்வொன்றும் தனி. அதை நம்பி எந்தப் புரோகிராம் இருக்கிறது என்று அந்தப் பட்டியல் காட்டாது. அப்பாவின் டிசைன் சாஃப்ட்வேரோ, பிரிண்டர் சாஃப்ட்வேரோ அதில் ஒன்றில் நின்றுகொண்டிருக்கலாம். எல்லாம் சேர்ந்து பிடிக்கும் இடம் ஒரு சினிமாப் படக் கோப்பின் அளவுகூட வராது. இடம் வேண்டுமென்றால் பயன்படுத்தாத பழைய எஞ்சின் பதிப்பு ஒன்றை லாஞ்சர் வழியாக நீக்குங்கள், பல ஜிபி ஒரே வேலையில் கிடைக்கும்.